கடல் இருக்கும் பக்கம் கிழக்கு

1

காலை மணி ஆறு பத்து. சமையலறை ஜன்னலைத் திறந்ததும் முதலில் கண்ணில் பட்டவள், கார் நிறுத்தும் சிமென்ட் தரையில் நின்றுகொண்டிருந்த என் மனைவி சுகுணா. நைட்டிக்கு மேல் என்னுடைய பழைய ஸ்வெட்டர். தொலைவில் கருநீலக் கோடாகத் தெரியும் மலையைப் பார்த்து நின்றாள். வலது கையை நீட்டினாள். உதடு அசைந்தது. கையை மடக்கிக்கொண்டு அரை வட்டம் திரும்பினாள். இப்போது மலைக்கு முதுகு. இடது கையை நீட்டினாள். உதடு மறுபடியும் அசைந்தது.

நாயைக் கூட்டிக்கொண்டு போன பக்கத்து வீட்டுக்காரர் அதை யோகா என்று நினைத்திருக்க வேண்டும். குரலைத் தாழ்த்தி "குட் மார்னிங்" சொல்லிவிட்டு நடந்தார்.

அன்று பத்து மணிக்கு அவளுக்கு ஓட்டுநர் தேர்வு. மூன்றாவது முறை. ஆஸ்திரேலியாவின் மேற்குக் கரையில் இருக்கும் இந்தப் பெர்த் நகரத்தில் நாங்கள் பெட்டியோடு வந்து இறங்கியதும் இதே போன்ற ஓர் அக்டோபர் நாளில்தான். வருடா வருடம் அந்தத் தேதிக்குப் பாயசம் வைப்போம். தேர்வு அந்தத் தேதியிலேயே வந்து விழுந்ததால் முந்தின நாளே பாலை வாங்கி வைத்திருந்தேன்.

"பாயசத்த அப்பால பாத்துக்கலாம்" என்றாள் சுகுணா. "ஃபெயிலாயிட்டு வந்து பாயசம் துன்னா தொண்டையில எறங்குமா?"

விஷயம் பாயசம் இல்லை. மலைமேல் ஒரு முதியோர் இல்லத்தில் அவளுக்கு வேலை கிடைத்திருந்தது. காலை ஷிப்ட் ஆறரைக்கு ஆரம்பம். அந்த மலைக்கு முதல் பஸ் போய்ச் சேருவதே ஏழே காலுக்குத்தான். இல்லத்தின் மேலாளர் நல்ல பெண்மணி. "மாதக் கடைசி வரை இடத்தைப் பிடித்து வைக்கிறேன், லைசென்ஸோடு வாருங்கள்" என்று சொல்லியிருந்தார். இந்த முறையும் தோற்றால் அடுத்த தேர்வுக்குத் தேதி கிடைக்க இரண்டு மாதம் ஆகும். அதற்குள் வேலை வேறொருவருக்குப் போய்விடும்.

திருப்பதியில் ஆஸ்பத்திரியில் நர்ஸாக வேலை பார்த்தவள் அவள். அந்தச் சான்றிதழ் இங்கே செல்லவில்லை. மகள் நிவேதா பிறந்து, வளர்ந்து, பள்ளிக்கூடம் போகிற வரையில் ஊரார் அலுவலகங்களின் தரையைத் துடைத்தாள். பிறகு இந்த ஊர்ப் படிப்பு ஒன்றைப் படித்து முடித்தாள். ஒரு கட்டில் ஓரமாக நின்று ஒரு நோயாளியின் நாடியைப் பிடித்துப் பார்க்க வேண்டும் என்பதுதான் அவளுக்கு வேண்டியது. நடுவில் நின்றது ஓட்டுநர் உரிமம்.

2

இரண்டு முறை ஏன் தோற்றாள் என்பதைச் சொல்ல வேண்டுமானால், அவளை நான் முதலில் பார்த்த இடத்திலிருந்து தொடங்க வேண்டும்.

எனக்குத் திருப்பதி. தொண்ணூறுகளில் ஒரு தமிழ் நாளிதழுக்கு அங்கே செய்தியாளராக இருந்தேன். மலைக்கு வரும் பக்தர்கள் பஸ் ஸ்டாண்டில் வாங்கிப் படிக்கும் பேப்பர். விபத்து, கூட்டம், மழை, இவைதான் பெரும்பாலும் எனக்கு வேலை. எங்கள் செய்தி ஆசிரியர் விபத்துச் செய்தி எழுதினால் திசை கேட்பார். லாரி வடக்கேயிருந்து வந்ததா தெற்கேயிருந்து வந்ததா, வண்டி சாலையின் எந்தப் பக்கம் கவிழ்ந்தது என்று கேட்பார். திசை இல்லாத விபத்துச் செய்தியைத் திருப்பிக் கொடுத்துவிடுவார்.

காணிப்பாக்கம் போய்விட்டுத் திரும்பிய வேன் ஒன்று ஒரு நாள் சாலையோரம் சாய்ந்துவிட்டது. உயிர்ச்சேதம் இல்லை. காயம்பட்டவர்களின் பெயர் வாங்க ஆஸ்பத்திரிக்குப் போனேன். வார்டில் இருந்த நர்ஸ் சுகுணா.

"கால் முறிஞ்சது யாருக்கு?" என்று கேட்டேன்.

"மேலண்ட கட்டில்ல கீறாரே, அவருக்கு. கீழண்ட கட்டில்ல இருக்கறவருக்கு சும்மா செராய்ப்பு. பேர மாத்திப் போட்டுறாதீங்க."

இரண்டு கட்டில்களையும் பார்த்தேன். ஜன்னல் இல்லாத அறை. உள்ளே வருவதற்குள் மூன்று தாழ்வாரம் திரும்பியிருந்தேன்.

"மேலண்ட எது?"

அவள் என் கையிலிருந்த நோட்டைப் பார்த்தாள்.

"பேப்பர்லதானே வேலை செய்றீங்க?"

"ஆமா."

"மேக்கு தெரியாதா?"

அவளுடைய ஊர் சித்தூருக்குத் தெற்கே, தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி இருக்கிறது. அங்கே இடது வலது என்பதெல்லாம் கையோடு சரி. சாப்பிடும் கை ஒன்று, மற்றது ஒன்று. மீதி உலகம் முழுக்கத் திசைதான். அடுப்பு கீழண்ட அடுப்பு, மேலண்ட அடுப்பு. தட்டில் வடை தெற்கால இருக்கும். சட்டையில் ஏறிய எறும்பைக்கூட "முதுகுல வடக்கால ஊருது பாரு" என்றுதான் சொல்வார்கள். கல்யாணமான புதிதில் அப்படி ஓர் எறும்புக்காக நான் முழுச் சுற்று சுற்றியிருக்கிறேன்.

அவளுடைய அப்பாவுக்கு, நைனா முனுசாமிக்கு, முதலில் நிலம் கிடையாது. அடுத்தவர் நிலத்தில் கூலி வேலை. "இன்னிக்கி கீழண்ட களவெட்டு" என்று காலையில் சொல்லிவிட்டுக் கிளம்பினால், யாருடைய நிலத்தில் என்று வீட்டில் எல்லோருக்கும் புரியும். பிறகு அரசாங்கம் மேட்டு நிலத்தில் கொஞ்சம் கொடுத்தது. அளக்க வந்தவர் தெலுங்கில் "தூர்ப்பு ஏமுந்தி?" என்று கேட்டார், கிழக்கே என்ன இருக்கிறது என்று. நைனா, "கீழண்ட கால்வாங்க" என்றார். அவர் தூர்ப்பு என்று எழுதிக்கொண்டார். ஒருவர் கேட்ட மொழியில் மற்றவர் பதில் சொல்லவில்லை. எல்லைக் கல் சரியான இடத்தில்தான் நடப்பட்டது.

கீழண்ட என்றால் கிழக்கு. இது தெரிந்த கதைதான். எனக்கு வெகுநாள் உறைக்காத விஷயம் வேறு. கிழக்கு என்ற சொல்லுக்குள் சூரியன் இல்லை. தெலுங்கில் மேற்கைப் படமர என்பார்கள். படுவது என்றால் விழுவது, சூரியன் விழுகிற பக்கம் என்று அதற்குப் பொருள் சொல்வார்கள். தமிழில் அப்படி இல்லை. கீழ் என்பதிலிருந்து கிழக்கு. மேல் என்பதிலிருந்து மேற்கு. பழைய தமிழில் குணக்கு, குடக்கு என்று வேறு சொற்கள் இருந்தன. அவை ஏட்டோடு நின்றுவிட்டன. மக்கள் வாயில் தங்கியது நிலத்தின் சரிவைச் சொல்லும் சொல். மேற்கே மலை, கிழக்கே கடல், நடுவில் சாய்ந்து கிடக்கும் பூமி. தண்ணீர் ஓடிப் போகும் பக்கத்துக்குக் கிழக்கு என்று பெயர்.

நான் இதைக் கண்ணால் பார்த்தது ஒரு மழைக்காலத்தில். வெள்ளச் செய்திக்காகத் திருப்பதியிலிருந்து சூளூர்பேட்டைக்குப் பஸ்ஸில் போனேன். வழி நெடுக வாய்க்கால், ஓடை, ஆறு எல்லாம் பஸ்ஸோடு சேர்ந்து அதே பக்கம் ஓடி வந்தன. சூளூர்பேட்டையைத் தாண்டினால் ஏரியும் உப்புத் தண்ணீரும். அதற்கு மேல் இறங்க நிலம் இல்லை. அந்த இடம்தான் கிழக்கு என்று அன்றைக்குத் தோன்றியது. செய்தியில் அதை எழுத இடமில்லை.

3

பத்திரிகை வேலை நீடிக்கவில்லை. தொண்ணூறுகளின் முடிவில் திருப்பதியில் தெருவுக்குத் தெரு கணினிப் பயிற்சி நிலையம் வந்தது. எஸ்.டி.டி. பூத்காரர்கள் எல்லாம் இன்டர்நெட் சென்டர் போர்டு மாட்டினார்கள். நான் பக்கம் வடிவமைக்கக் கற்றுக்கொண்டேன். அதை வைத்துத்தான் இங்கே ஓர் அச்சகத்தில் வேலையும் விசாவும் கிடைத்தன.

வீடு வாங்கிய பிறகு சுகுணா அறைகளுக்குப் பெயர் வைத்துவிட்டாள். நாங்கள் படுப்பது மேலண்ட ரூம். நிவேதாவுடையது கீழண்ட ரூம். நானும் அப்படியே சொல்லிப் பழகினேன். தெருப் பெயரை யாரும் பொருள் பார்த்துச் சொல்வதில்லை, அது போல. எங்கள் அறை ஜன்னலில்தான் தினமும் காலை வெயில் விழுகிறது என்பது பற்றி நான் யோசிக்கவே இல்லை. இத்தனைக்கும் செய்தியாளனாக இருந்தவன்.

முதல் தேர்வில் அதிகாரி "லெஃப்ட்" என்றபோது அவள் வலப்பக்கம் திரும்பினாள். இரண்டாவது தேர்வில் எந்தப் பக்கம் என்று யோசித்து, நாற்சந்தியின் நடுவில் நின்றுவிட்டாள். இடது வலதுக்குப் பள்ளியில் தெலுங்கில் எடம, குடி. வீட்டில் தமிழ். காரில் ஆங்கிலம். மூன்றையும் தாண்டி, அவள் உண்மையில் யோசிப்பது திசையில். கையைப் பார்த்து, திசையை நினைத்து, ஸ்டியரிங்கைத் திருப்புவதற்குள் சந்தி போய்விடும்.

அதனால் எனக்கு ஒரு யோசனை வந்தது. அவளுக்கு அவளுடைய மொழியிலேயே வழி சொல்லலாம் என்று. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, பின் ஸீட்டில் நிவேதா. எங்கள் தெருமுனைக்கு வந்தோம்.

"மேலண்ட திரும்பு" என்றேன்.

சிக்னல் போட்டாள். தயங்கவில்லை. அழகாகத் திரும்பினாள். எதிர்ப்பக்கமாக.

"மேலண்டன்னு சொன்னேன்."

"மேலண்டதான் போய்க்கினு கீறேன்."

"இது கிழக்கு, சுகுணா. சூரியன் மூஞ்சிக்கு நேரா அடிக்குது பாரு."

"சூரியன் எங்கனா இருந்துக்கினு போவட்டும். எதுக்கால இன்னா தெரியிது?"

"மலை."

"மலை எந்தப் பக்கம் இருக்கும்?"

"நம்மூர்லயா?"

"எந்த ஊர்லயும்" என்றாள். "மேடு மேலண்ட. பள்ளம் கீழண்ட. தண்ணி எந்தப் பக்கமா போவுது? கடலு எந்தப் பக்கம் கீது? சாயங்காலமானா கடக்காத்து எங்கருந்து வருது? கீழண்டருந்துதானே வரும்?"

"காலைல சூரியன் மலைப் பக்கம் உதிக்குதே. அது?"

"இங்க சூரியன் மேக்கால உதிக்கிது" என்றாள், கண்ணைச் சாலையிலிருந்து எடுக்காமல். "நாடே தலகீழா கீதுன்னு நீங்கதானே சொன்னீங்க. சூரியன் மட்டும் ஒழுங்கா இருக்குமா?"

பின் ஸீட்டிலிருந்து நிவேதா ஆங்கிலத்தில் கேட்டாள்: "இது என்ன சண்டை? யாராவது லெஃப்ட், ரைட் சொல்லக் கூடாதா?"

காரை ஓரமாக நிறுத்தச் சொன்னேன். யோசித்துப் பார்த்தபோது அவள் கணக்கில் ஒரு பிசகும் இல்லை. இந்த ஊரில் கடல் மேற்கே, மலை கிழக்கே. அவளுக்கு நிலம்தான் திசை. எனவே வந்து இறங்கிய நாளிலேயே ஊரை முழுசாகத் திருப்பிப் போட்டுக்கொண்டுவிட்டாள். நண்பகல் வெயில்கூட அவளுக்குத் துணை நின்றது. நம் ஊரில் அது தெற்கே சாயும். பூமியின் இந்தப் பாதியில் வடக்கே சாய்கிறது. அதாவது அவளுடைய தெற்கே. நான்கு திசையும் ஒன்றுக்கொன்று சரியாகப் பொருந்தின. அவளுக்கு எதிராகச் சாட்சி சொன்னது உதயம் ஒன்றுதான். அதையும் அவள் தள்ளுபடி செய்துவிட்டாள்.

இத்தனை வருடம் ஒரே வீட்டில் இரண்டு கிழக்கு இருந்திருக்கிறது.

"இவ்ளோ நாளா ஏன் சொல்லல?" என்றேன்.

"இன்னாத்த சொல்றது? உங்களுக்குத் திருப்பதியிலயே மேக்கு தெரியாது. இங்க மட்டும் தெரிஞ்சிடப் போவுதா?"

4

இங்கே அரசாங்க அலுவலகங்களில் அவள் பெயர் சுகுணா இல்லை. படிவத்தில் குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம் உண்டு. நமக்கு அப்படி ஒன்று கிடையாது. பாஸ்போர்ட் எடுத்தபோது அந்தக் கட்டத்தில் அப்பா பெயரைப் போட்டோம். அன்றிலிருந்து வங்கி, மருத்துவமனை, பள்ளிக்கூடம் எல்லாவற்றிலும் அவள் மிஸ் முனுசாமி.

முதல் முறை ஓர் அலுவலகத்தில் ஒலிபெருக்கி அப்படி அழைத்தபோது அவள் எழுந்திருக்கவில்லை. வாசலைத் திரும்பிப் பார்த்தாள்.

"நைனாவ கூப்புடறாங்க" என்றாள்.

"உன்னத்தான். எழுந்து போ."

பிறகு பழகிவிட்டது. ஊருக்குப் போன் செய்யும்போது நைனாவிடமே சொல்லுவாள். சித்தூரையும் திருப்பதியையும் தாண்டாத மனுஷன் அவர். "இந்த வாரம் உன்னப் பேங்குல ரெண்டு வாட்டி கூப்ட்டாங்க நைனா." அந்தப் பக்கம் அவர் சிரிப்பது எனக்கும் கேட்கும். "இருக்கேன்னு சொல்லும்மா" என்பார்.

நிவேதா இதில் எதிலும் சேர மாட்டாள். அவளுக்குக் குடும்பப் பெயர் என் அப்பாவுடையது. அம்மாவுக்கு வேறு, எனக்கு வேறு, தனக்கு வேறு என்பதை வகுப்பில் விளக்கிச் சலித்துவிட்டாள். தமிழில் கேட்டால் புரியும். பதில் ஆங்கிலத்தில்தான் வரும். அதைப் பற்றி இங்குள்ள நம்மவர்கள் கூடிப் பேசி வருத்தப்படுவதுண்டு. நான் வருத்தப்பட்டுப் பார்த்துவிட்டு நிறுத்திவிட்டேன்.

ஆனால் அந்த ஞாயிற்றுக்கிழமைக்குப் பிறகு நடந்ததை எழுத வேண்டும். திசையை மாற்றிக்கொண்டது நான்தான். சுகுணாவின் மேற்கை மேற்கு என்று ஒப்புக்கொண்டேன். ஒரு வாரம் தலை சுற்றியது. பிறகு நான் மேலண்ட என்று சொன்னால் அவள் மலைப்பக்கம் போனாள், நானும் அதையே நினைத்திருந்தேன். ஒரு திருப்பம் தவறவில்லை.

ஆனால் தேர்வு அதிகாரிக்குக் கீழண்டையும் மேலண்டையும் தெரியாதே. அதற்கு வழி கண்டுபிடித்தது அவள்தான்.

"லெஃப்ட்டுன்னா எந்தக் கைன்னு தேடறதுலதான் நேரமாவுது" என்றாள். "வண்டி எடுக்கறதுக்கு முன்னாலயே இன்னா பக்கம் பாத்து நிக்கிறோம்னு பாத்துக்கறேன். அப்போ ரைட்டு எந்தத் தெசன்னு தெரிஞ்சிடும். திரும்பினா மாத்திக்கறேன். அவன் லெஃப்ட்டுன்றதுக்குள்ள எனக்கு லெஃப்ட்டு எதுன்னு ரெடியா இருக்கணும்."

"ஒவ்வொரு திருப்பத்துக்குமா? அது கஷ்டம் இல்லயா?"

"திசை எனக்கு எதுக்கு கஷ்டம்? கைதான் கஷ்டம்."

பயிற்சி கொடுத்தது நிவேதா. சாப்பாட்டு மேஜையில், துணி மடிக்கும்போது, பல் தேய்க்கும்போது என்று திடீர் திடீரென்று கேட்பாள். "மாம், ரைட்?" சுகுணா எந்தப் பக்கம் பார்த்து நிற்கிறாளோ அதை வைத்து உடனே சொல்ல வேண்டும். "வடக்கு." "லெஃப்ட்?" "தெக்கு." தப்பாகச் சொன்னால் ஒரு ரூபாய் நாணயம் அளவு ஒட்டுப் பொட்டு ஒன்றை அம்மாவின் மூக்கில் ஒட்டிவிடுவாள். விடை சரியா என்று பார்க்க அவளுக்கும் திசை தெரிய வேண்டியிருந்தது. மூன்றாவது வாரம் நான் என் மூக்குக் கண்ணாடியைத் தேடிக்கொண்டிருந்தேன். நிவேதா புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னாள்: "டாட், இட்ஸ் ஆன் த மேலண்ட ஷெல்ஃப்."

கண்ணாடி அங்கேதான் இருந்தது.

5

உரிமம் வழங்கும் அலுவலகம் மலையடிவாரச் சமவெளியில், ஒரு பெரிய கடைத்தொகுதியின் பின்புறம் இருக்கிறது. பத்து மணிக்கு ஐந்து நிமிடம் முன்னால் கண்ணாடிக் கதவைத் திறந்துகொண்டு தேர்வு அதிகாரி வந்தார். அறுபது வயதிருக்கும். வெயிலில் சிவந்த கழுத்து. கையில் அட்டை.

"மிஸ் முனுசாமி?"

"நைனா வந்துட்டாரு" என்று எனக்கு மட்டும் கேட்கும்படி சொல்லிவிட்டு எழுந்தாள். புடவை கட்டிக்கொண்டு வந்திருந்தாள். முதல் இரண்டு முறையும் பேன்ட் போட்டிருந்தாள். அது ராசியில்லை என்று முடிவு.

காரில் ஏறும் முன் நின்று மலையை ஒரு தடவை பார்த்தாள். பிறகு உட்கார்ந்து பெல்ட் போட்டாள். கார் பின்னுக்கு வந்து, நின்று, சாலையில் இறங்கிக் கடல் பக்கமாகப் போனது. வேகம் சரியாக இருந்தது. சந்தியில் சிக்னல் நேரத்தோடு விழுந்தது. அதற்கு மேல் எனக்குத் தெரியவில்லை.

காத்திருக்கும் இடத்தில் ஒரு வியட்நாமியக் கிழவர் தன் பேரனுக்காக உட்கார்ந்திருந்தார். "மனைவியா?" என்றார். ஆமாம் என்றேன். "எத்தனையாவது?" என்றார். தேர்வைத்தான் கேட்கிறார் என்று எடுத்துக்கொண்டு, மூன்றாவது என்றேன். அனுதாபமாகத் தலையாட்டினார்.

கார் எதிர்த்திசையிலிருந்து திரும்பி வந்தது. கோடுகளுக்கு நடுவே நேராக நின்றது. இருவரும் இறங்கவில்லை. அதிகாரி அட்டையில் எழுதினார். ஏதோ கேட்டார். சுகுணா கையை ஜன்னல் பக்கம் காட்டி ஏதோ சொன்னாள். அவர் அந்தப் பக்கம் பார்த்தார். மறுபடி எழுதினார். முன் இரண்டு முறையும் அதிகாரி சீக்கிரமாக இறங்கி வந்தது நினைவுக்கு வந்தது. இது நல்லதா கெட்டதா என்று கணிக்க முடியவில்லை.

கடைசியில் கதவு திறந்தது. அவர் என்னைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு உள்ளே போனார். சுகுணா இறங்கிக் காரில் சாய்ந்து நின்றாள்.

"இன்னா ஆச்சி?"

"இருங்க. தண்ணி குடுங்க மொதல்ல."

பாட்டிலில் பாதி குடித்தாள். மீதியில் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"மொத மூணு திருப்பம் நல்லா போச்சி. லெஃப்ட்டுன்னான், வடக்கால போனேன். ரைட்டுன்னான், கீழண்ட போனேன். அப்பால ஒரு எடத்துல ரோடு வளைஞ்சி வளைஞ்சி போச்சி. வூடுங்க மறைச்சிக்கிச்சி, மலையே தெரியல. எந்தப் பக்கம் பாத்துக்கினு போறோம்னு எனக்கே தெரியல. அவ்ளோதான், போச்சின்னு நெனைச்சேன்."

"அப்புறம்?"

"ரோடு முட்டற எடம். லெஃப்ட்டா ரைட்டான்னு அவன் சொல்லணும். அவன் இன்னா சொல்றான் தெரியுமா? 'ரைட், அப் டு த ஹில்ஸ்'ன்றான். நான் என்னமோ வீட்ல கீற மாதிரி, 'மேலண்டயா?'ன்னு கேட்டுட்டேன்."

"தமிழ்லயா?"

"தமிழ்லதான். வாயில வந்துடுச்சி."

"அவர் இன்னா சொன்னாரு?"

"யெஸ், யெஸ்ன்னான். ரோட்ட பாத்தேன், ஒரு பக்கம் ஏத்தமா இருந்திச்சி. திரும்பிட்டேன்."

தண்ணீர் பாட்டிலை மூடினாள். அவளே சொன்னாள்.

"பாஸ்."

காரில் கடைசியாக அவர் கேட்டது, 'மேலண்ட' என்றால் என்ன என்று. அவள் மலையைக் காட்டியிருக்கிறாள். அதிகாரி, தன் அப்பா மலைமேல் பழத்தோட்டம் வைத்திருந்ததாகவும், அங்கே வளர்ந்தவர்கள் யாரும் கிழக்கு மேற்கு என்று சொல்ல மாட்டார்கள், மலைக்குப் போகிறோம், கடலுக்கு இறங்குகிறோம் என்றுதான் சொல்வார்கள் என்றும் சொன்னாராம்.

"நம்மளாட்டமே பேசறாங்க" என்றாள் சுகுணா. "பேச்சு மட்டும் இங்கிலீஷு."

6

சாயங்காலம் பாயசம் வைத்தோம். ஊருக்குப் போன் போட்டோம். எடுத்தது அவள் அண்ணன் ஏழுமலை. நைனாவுக்குக் கொடுத்த நிலத்தில் இப்போது மா வைத்திருக்கிறான்.

"லைசென்சு வந்துடுச்சிண்ணா."

"யாருக்கு, அவருக்கா?"

"எனக்கு. நான் கார் ஓட்டறேன்."

"நீ இங்க சைக்கிள் ஓட்டிக் கால்வாயில வுட்டவதானே?" என்றான்.

"கால்வா எந்தப் பக்கம் இருந்திச்சி?"

"கீழண்ட."

"அங்க சரிவா இருந்தா வண்டி கீழதான் போவும். என் தப்பா?"

"தப்பு எப்பவும் உன்னிது இல்லம்மா. நைனா கேக்கறாரு, அங்க வேல எவ்ளோ தூரம்?"

"மேலண்ட. மலமேல."

"மலைக்கா ஓட்டிக்கினு போற? பாத்துப் போ" என்றான் ஏழுமலை. அவன் மனதில் ஓடியது ஊருக்கு மேற்கே இருக்கும் மலை என்று எனக்குத் தெரியும். நான் திருத்தவில்லை. மலையும் மேடும் அவன் நினைத்தபடியேதான் இருந்தன.

இதை எழுதும்போது ஒன்றை யோசிக்கிறேன். ஊரிலிருந்து நாம் எடுத்து வந்தவை என்று பேச்சு வந்தால் ஊறுகாய், சாமி படம், பட்டுப்புடவை என்று சொல்வோம். சுகுணா ஒரு சரிவை எடுத்து வந்திருக்கிறாள். அதை இங்கே வைத்துப் பார்த்தாள். திருப்பிப் போட்டால் பொருந்தியது. கிழக்கு என்ற சொல்லை முதலில் சொன்னவர்களும் வானத்தைப் பார்த்துச் சொல்லவில்லை. தாங்கள் நின்ற தரை எந்தப் பக்கம் சாய்கிறது என்று பார்த்துச் சொன்னார்கள். அவர்களை இந்தக் கரையில் கொண்டுவந்து இறக்கியிருந்தால் கடல் இருக்கும் பக்கத்துக்குத்தான் அந்தப் பெயரை வைத்திருப்பார்கள். அகராதியில் கிழக்கு என்றால் சூரியன் உதிக்கும் திசை என்று போட்டிருக்கும். அதுவும் சரிதான். வீட்டில் இப்போது எனக்கு இரண்டும் வேண்டியிருக்கிறது. தோட்டத்தில் தக்காளி நட அகராதியின் கிழக்கு. சாவி எங்கே என்று கேட்க மற்றது.

நிவேதாவுக்கு எது கிழக்கு என்று அவளிடமே கேட்டேன்.

"எந்த மொழியில்?" என்றாள், ஆங்கிலத்தில்.

முதியோர் இல்லத்து மேலாளர் வெள்ளிக்கிழமை போன் செய்தார். உரிம அட்டையின் நகல் வந்து சேர்ந்தது, திங்கட்கிழமை வரலாம் என்றார்.

எங்களிடம் ஒரு கார்தான் இருக்கிறது. திங்கட்கிழமையிலிருந்து நான் அச்சகத்துக்குப் பஸ்ஸில் போகிறேன்.